அடுப்புக்குப் பூட்டுப் போட்டவர்

என் வீட்டுக்காரருக்குத் தெருவில் சி.ஐ.டி. என்று பெயர். முகத்துக்கு நேரே யாரும் சொல்வதில்லை. எப்போதாவது வாய் தவறி, "சி.ஐ.டி. சார் இருக்காரா?" என்று வாசலில் நின்று கேட்டுவிட்டு நாக்கைக் கடித்துக்கொள்வார்கள். நான் சிரிப்பை அடக்கிக்கொண்டு உள்ளே போய், "உங்களைப் பார்க்க ஆள் வந்திருக்கு" என்பேன். மற்றவர்களாக இருந்தால் யார் என்று கேட்பார்கள். இவர் "எதுக்கு?" என்பார். வந்தவர் யார் என்பது அவருக்கு அப்புறம்தான்.

தொழில் அப்படி. பேருந்து நிலையத்துக்குப் பின்னால் பூட்டு ரிப்பேர் கடை வைத்திருக்கிறார். கடை என்றால் இரண்டு பேர் ஒரே நேரத்தில் மூச்சு விட முடியாத கடை. சாவி வெட்டுகிற மிஷின் ஒரு பக்கம், பூட்டுகள் தொங்குகிற பலகை ஒரு பக்கம், நடுவில் ஒரு முக்காலி, முக்காலி மேல் இவர். சாவியைத் தொலைத்துவிட்டு வருகிறவர்களை இவர் விசாரிக்கிற விசாரணையில், பூட்டை உடைத்துக்கொள்வதே மேல் என்று திரும்பிப் போனவர்கள் உண்டு. "உங்க வீடுதானா? பக்கத்து வீட்ல யாரு? அவங்களைக் கூட்டிட்டு வாங்க" என்பார்.

அதற்கும் ஒரு காரணம் இருந்தது, இல்லையென்று சொல்ல மாட்டேன். தொழிலுக்கு வந்த புதிதில், நல்ல சட்டை போட்ட ஒருவன் வந்து, சாவியை உள்ளே வைத்துக் கதவைச் சாத்திவிட்டேன் என்று கெஞ்சியிருக்கிறான். இவரும் பாவம் என்று கூடவே போய்த் திறந்துகொடுத்தார். அது அவன் வீடு இல்லை. போலீஸ் ஸ்டேஷனில் உட்கார வைத்துக் கேள்வி மேல் கேள்வி கேட்டார்கள். அங்கே கேட்கப்பட்ட கேள்விகளை எல்லாம் இவர் அதற்குப் பிறகு ஊரில் இருக்கிற மற்றவர்களிடம் கேட்கத் தொடங்கினார்.

வீட்டிலும் அதே கதைதான். பால்காரர் தண்ணீர் ஊற்றுகிறார், கேஸ் சிலிண்டர் எடை குறைகிறது, எதிர்வீட்டு ஆசிரியை நம் வாசலை நோட்டம் விடத்தான் ஒரு நாளைக்கு நாலு தரம் வெளியே வருகிறார். நான் போனில் சிரித்தால் "யாரு?" சிரிக்காமல் பேசினால் "என்ன ஆச்சு?" கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு வாழ்கிற மனிதரோடு குடித்தனம் நடத்தினால் என்ன ஆகும்? நமக்கே நம் மேல் சந்தேகம் வந்துவிடும். உப்பு டப்பாவை நகர்த்தி வைத்தது நான்தானா என்று நானே யோசித்திருக்கிறேன்.

எங்களுக்கு ஒரே பெண். மருந்துக்கடையில் வேலை. அந்தக் கடையின் ஏ.சி. பழுதானபோது சரிசெய்ய வந்த மெக்கானிக்கைத் தனக்கு மாப்பிள்ளையாகப் பார்த்துக்கொண்டாள். தங்கமான பையன். எதையும் சத்தம் போட்டுப் பேசத் தெரியாது. நான் பார்த்தவுடனே சரி என்றுவிட்டேன். இவர் மட்டும் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு வீட்டுக்குள் அங்கும் இங்கும் நடந்தார்.

"ஊர்ல இருக்கிற வீட்டுக்குள்ள எல்லாம் ஏறி இறங்குறவன். எந்த வீட்ல எந்த ஜன்னல் சரியா சாத்தாதுன்னு அவனுக்குத் தெரியும்" என்றார்.

"ஊர்ல இருக்கிற கதவை எல்லாம் திறக்கத் தெரிஞ்சவர் சொல்றீங்க" என்றேன் நான்.

கல்யாணத்துக்கு வந்தார், சாப்பிட்டார், பந்தியில் கரண்டி ஒன்று குறைகிறது என்று சமையல்காரரிடம் சண்டை பிடித்தார், வீட்டுக்கு வந்தார். அதற்குப் பிறகு மாப்பிள்ளை எங்கள் வீட்டுக்கு வருவது குறைந்தது. அவர் வராததால் பெண்ணும் வருவது குறைந்தது. வந்தாலும் கைப்பையைத் தோளிலிருந்து இறக்காமலே பேசிவிட்டுப் போவாள். அந்தப் பையை அவள் இறக்கி வைக்கமாட்டாளா என்று நான் பார்த்துக்கொண்டே நிற்பேன்.

அப்படி இருக்கும்போதுதான் மாப்பிள்ளை ஒருநாள் சின்ன லாரி ஒன்றில் அந்த அடுப்பைக் கொண்டுவந்து இறக்கினார். பழைய இரும்பு டிரம்மை நீளவாக்கில் பிளந்து, கால் வைத்து, கீல் போட்டு மூடி மாட்டி, உள்ளே கம்பித் தட்டு வைத்து அவரே செய்த அடுப்பு. கீழே கரித்தட்டு. கொழுப்பு வடிந்து சேர ஓர் ஓரத்தில் சின்னத் தகரக் கிண்ணம். பெண் அதைப் பார்பிக்யூ என்றாள். நான் சுடுகிற அடுப்பு என்றேன். கொல்லையில் துணி துவைக்கிற கல்லுக்கும் மதில் சுவருக்கும் நடுவே அதை நிறுத்தினார்கள்.

"இனிமே ஞாயித்துக்கிழமை நாங்க இங்க வந்துடுறோம் மாமா. நீங்க சும்மா உக்காருங்க. நான் சுட்டுத் தர்றேன்" என்றார் மாப்பிள்ளை.

இவர் அடுப்பைத் தட்டிப் பார்த்தார். குனிந்து அடியில் பார்த்தார். "இதுல முன்னாடி என்ன இருந்தது?" என்று கேட்டார். டிரம்மைப் பற்றித்தான் கேட்டார். சமையல் எண்ணெய் இருந்தது என்றதும் முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் ஒப்புக்கொண்டார்.

அந்த ஞாயிற்றுக்கிழமைகள் எனக்கு எவ்வளவு பெரிது என்று எப்படிச் சொல்வேன்? சாயங்காலம் கரி பிடிக்கும். கோழியோ மீனோ சோளமோ சுடுவார்கள். பெண் துவைக்கிற கல்லின் மேல் ஏறி உட்கார்ந்து காலை ஆட்டிக்கொண்டு கடை வம்பையெல்லாம் பேசுவாள். இரவு முன்னறையில் பாய் விரித்துப் படுத்துவிட்டு, இரண்டு பேரும் திங்கள்கிழமை காலையில் நேரே வேலைக்குப் போவார்கள். கைப்பை ராத்திரி முழுக்க ஆணியில் தொங்கும். இவர்கூட ஓரிரு முறை சிரித்தார். எனக்கு ஒரே ஒரு பயம்தான். இந்த மனுஷன் எதையாவது சொல்லி இதைக் கெடுத்துவிடக் கூடாது.

கெடுக்க முதலில் வந்தவை நாலு கால்கள்.

ஒரு திங்கள்கிழமை காலை கொல்லைக் கதவைத் திறந்தால், மூடி மல்லாந்து கிடக்கிறது. கரி சிதறி, கம்பித் தட்டு தரையில். சிமெண்டுத் தரையெங்கும் சாம்பல் பூசின பாதங்கள். அடுத்த வாரமும் அதே கோலம். இவருக்கு உயிர் வந்தது போலாகிவிட்டது. குந்தி உட்கார்ந்து ஒவ்வொரு பாதத்தையும் பார்த்தார். இது நாய், இது பூனை, இது பெருச்சாளி என்று பிரித்தார். நாய் கேட்டுக்கு அடியில் நுழைந்ததாம், பூனை பக்கத்து வீட்டு மரத்திலிருந்து மதிலுக்குக் குதித்ததாம். மூன்றும் பேசி வைத்துக்கொண்டு வந்திருக்கின்றன என்று மட்டும் சொல்லவில்லை.

அதற்குப் பிறகு எங்கள் கொல்லை போர்க்களம்தான். கேட்டின் அடியில் பலகை அடித்தார். மரக்கிளையை வெட்டச் சொல்லிப் பக்கத்து வீட்டுக்காரரோடு வாய்ச்சண்டை போட்டார். அடுப்பைச் சுற்றி மிளகாய்த்தூளைத் தூவினார். காற்றடித்து அது துவைத்துக் காயப்போட்ட துணியில் ஒட்டி, மறுநாள் கடையில் அவர் முக்காலியில் உட்கார முடியாமல் நெளிந்ததுதான் மிச்சம். எலுமிச்சைத் தோல் போட்டார், வினிகர் தெளித்தார். கம்பியில் காலி டப்பாக்களைக் கோர்த்துக் கட்டினார். நாய் பயப்படவில்லை, நான்தான் தூக்கிவாரிப் போட்டு எழுந்தேன். தார்ப்பாய் வாங்கிப் போர்த்தி மேலே கல் வைத்தார். பாயைக் கிழித்துவிட்டு உள்ளே போயின.

"மாமா, சுட்டு முடிச்சதும் கம்பியைத் தேய்ச்சு, அந்தக் கொழுப்புக் கிண்ணத்தையும் கழுவி வெச்சுட்டா வாசனையே இருக்காது. வாசனை இல்லன்னா அதுங்க வராது" என்றார் மாப்பிள்ளை.

நியாயமான பேச்சு. ஆனால் மாப்பிள்ளை சொல்லிவிட்டாரே, எப்படிக் கேட்பது? "வாசனை போனா வேற எதுக்காவது வரும். அதுங்களுக்கு இடம் தெரிஞ்சு போச்சு" என்றார் இவர். மறுநாள் கடையிலிருந்து வரும்போது ஒரு கொண்டியும் பெரிய பித்தளைப் பூட்டும் கையில் இருந்தன. மூடியில் ஓட்டை போட்டுக் கொண்டியை அடித்து, பூட்டை மாட்டினார். அடுப்புக்குப் பூட்டு. பக்கத்து வீட்டுக்காரர் மாடியிலிருந்து எட்டிப் பார்த்துவிட்டு, பொங்கி வந்த சிரிப்போடு உள்ளே போனார்.

"பூட்டுக்கு மேல ஒண்ணும் கிடையாது" என்றார் இவர். முகத்தில் அப்படி ஒரு நிம்மதி.

அந்த வாரம் முழுக்கப் பூட்டு பூட்டினபடியே இருந்தது. ஞாயிற்றுக்கிழமை இவர் சாவியால் திறந்துகொடுத்தார், மாப்பிள்ளை சுட்டார், எல்லோரும் சாப்பிட்டோம், இவர் எண்ணெய்ப் புட்டியோடு கொல்லைக்குப் போய்ப் பூட்டிவிட்டு வந்தார். திங்கள்கிழமை காலையில் மூடி திறந்து கிடந்தது. தரையெல்லாம் சாம்பல் கால்கள். பூட்டு உடையவில்லை, நெளியவில்லை. கொண்டியை விட்டுக் கழன்று தரையில் விழுந்திருந்தது, வாயைத் திறந்துகொண்டு.

இவர் அதைக் கையில் எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். மாப்பிள்ளையும் பெண்ணும் அப்போதுதான் வேலைக்குக் கிளம்பிப் போயிருந்தார்கள்.

"நாய் மூடியைத் தள்ளும். பூனை பாயைக் கிழிக்கும். சரி. பூனைக்குச் சாவி யாரு குடுத்தது?" என்றார்.

அந்தக் குரல் எனக்குத் தெரியும். அடுத்த ஞாயிறு வரைக்கும் பூட்டு ஒழுங்காக இருந்தது. திங்கள்கிழமை மறுபடியும் திறந்திருந்தது. அதற்கடுத்த வாரமும் அப்படியே. பெண்ணும் மாப்பிள்ளையும் வந்து தங்கின மறுநாள் மட்டும் பூட்டு திறக்கிறது. மற்ற நாட்களில் ஒரு சாம்பல் பொட்டுகூடக் கிடையாது. எனக்கே ஒரு நிமிஷம் மனசு தடுமாறியது என்றால் பார்த்துக்கொள்ளுங்கள். காலையில் எல்லோருக்கும் முன்னால் எழுந்து கொல்லைக்குப் பல் தேய்க்கப் போகிறவர் மாப்பிள்ளைதான். சே, என்ன நினைப்பு இது என்று என் தலையில் நானே அடித்துக்கொண்டேன்.

"அவர் எதுக்குங்க அடுப்பைத் திறக்கணும்? உள்ள என்ன தங்கமா இருக்கு?" என்று கேட்டேன்.

"தங்கம் எதுக்கு? என்னை முட்டாளாக்கணும். பூட்டுக் கடைக்காரன் வீட்டுப் பூட்டே இந்த லட்சணம்னு ஊர் சிரிக்கணும். இன்னிக்கு அடுப்பு. நாளைக்கு வீட்டுக் கதவு."

"உங்களுக்குக் கோடி புண்ணியம். அவங்க வந்தா வாயைத் திறக்காதீங்க" என்று கையெடுத்துக் கும்பிட்டேன்.

திறந்தார். வேறெப்போது? எல்லோரும் சந்தோஷமாகத் தட்டை மடியில் வைத்துக்கொண்டு சாப்பிடுகிற நேரத்தில்தான்.

"தம்பி, அன்னைக்குக் கரி தீர்ந்துபோச்சுன்னு கடைக்குப் போனீங்களே, அடுப்புச் சாவி உங்க பாக்கெட்லதானே இருந்தது?"

"ஆமா மாமா. மறந்துபோய் எடுத்துட்டுப் போயிட்டேன். வந்ததும் குடுத்துட்டேனே."

"எந்தக் கடையில போட்டீங்க?"

"கரியா மாமா? நம்ம முனைக்கடையிலதான்."

"கரி இல்ல. டூப்ளிகேட்டு."

மாப்பிள்ளைக்கு முதலில் புரியவில்லை. சிரித்தார். நாங்கள் யாரும் சிரிக்காததைப் பார்த்துவிட்டு நிறுத்தினார். பெண் தட்டைக் கீழே வைத்தாள்.

"அப்பா, என்ன கேக்குறீங்க?"

"நான் சாவி போடுறவன்மா. அஞ்சு நிமிஷம் சாவி கை மாறினா என்ன ஆகும்னு எனக்குத் தெரியும். இவர் தங்கின மறுநாள் மட்டும் பூட்டு திறந்து கிடக்கு. உடைக்கல. சாவி போட்டுத் திறந்திருக்கு. நான் யாரைக் கேக்கிறது?"

"நான் எதுக்கு மாமா..." என்று மாப்பிள்ளை தொடங்கினார். முடிக்கவில்லை. முகம் சுண்டிப்போய்விட்டது. தன் கையிலிருந்த கறித்துண்டை என்ன செய்வது என்று தெரியாமல் தட்டிலேயே வைத்தார். எழுந்து கை கழுவினார். அடுப்பிலிருந்த கரியைத் தண்ணீர் தெளித்து அணைத்தார். இடுக்கியைத் துடைத்து அதன் இடத்தில் மாட்டினார். இவ்வளவையும் செய்துவிட்டு, "வர்றேன் அத்தை" என்று என்னிடம் மட்டும் சொன்னார். பெண் ஆணியிலிருந்து கைப்பையை எடுத்துத் தோளில் போட்டாள். அவள் என்னையும் பார்க்கவில்லை, அவரையும் பார்க்கவில்லை.

அன்றைக்கு நான் கத்தின கத்தலில் தெருவே கதவைச் சாத்திக்கொண்டது. ஒரே பெண்ணைப் பாதிச் சாப்பாட்டில் எழுப்பி அனுப்பிவிட்டீர்களே, உங்களுக்கு மனசு என்று ஒன்று இருக்கிறதா என்று கேட்டேன். கிணற்றில் போட்ட கல் மாதிரி உட்கார்ந்திருந்தார். அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவர்கள் வரவில்லை. அதற்கடுத்த வாரமும் வரவில்லை. அடுப்பு மூட்டவே இல்லை. போன் செய்தால் பெண் எடுத்து, "வேலை இருக்கும்மா" என்று வைத்துவிடுவாள். திங்கள்கிழமைதோறும் இவர் கொல்லைக்குப் போய்ப் பூட்டை இழுத்துப் பார்த்துவிட்டு வருவார்.

"பார்த்தியா? அவர் வரல. பூட்டும் திறக்கல" என்பார். அதில் அவருக்கு வெற்றி வேறு. எனக்கு அந்தப் பூட்டை எடுத்து அவர் தலையிலேயே போட வேண்டும் போலிருந்தது.

ஒருநாள் சாப்பாட்டுப் பாத்திரத்தை வீட்டிலேயே மறந்து வைத்துவிட்டுக் கடைக்குப் போய்விட்டார். கோபம் கோபமாக இருந்தாலும் பட்டினி போட மனசு வருமா? கொண்டுபோனேன். வாடிக்கையாளர் ஒருவர் நின்றிருந்ததால் வெளியே காத்திருந்தேன். துருப்பிடித்த பூட்டு ஒன்றைக் கழற்றி மாட்டிக்கொண்டிருந்தார். எண்ணெய் விட்டார். சாவியைப் போட்டுப் பூட்டினார், திறந்தார். மறுபடி பூட்டினார், திறந்தார்.

என்ன பேசிக்கொண்டிருந்தாரோ, வாடிக்கையாளரைப் பார்த்துப் பேச்சு போய்க்கொண்டே இருந்தது. கை மட்டும் தானாக வேலை செய்தது. சாவியை உருவி, திறந்த பூட்டைப் பலகையின் ஆணியில் மாட்டி, சரியாகத் தொங்குகிறதா என்று ஓர் இழுப்பு இழுத்துவிட்டது. பலகையைப் பார்த்தேன். எண்ணெய் போட்டு முடித்த பூட்டுகள் எல்லாம் வாயைத் திறந்துகொண்டுதான் தொங்கின.

"ஏங்க, பூட்டை ஏன் திறந்தே மாட்டுறீங்க?" என்று கேட்டேன், வாடிக்கையாளர் போனதும்.

"பூட்டிக் குடுத்தா, திறக்குமான்னு கேப்பான். திறந்து குடுத்தா அவனே பூட்டிப் பார்த்துக்குவான். ரிப்பேர் வேலையில அப்படித்தான். எதுக்குக் கேக்குற?" என்றார். எதுக்கு என்ற கேள்வி இல்லாமல் அவருக்கு வாக்கியம் முடியாது.

"சும்மா" என்றேன். வீட்டில் அந்த அடுப்புப் பூட்டுக்கு இவர் எண்ணெய் போடுவது எப்போது? கரிப்புகையும் கொழுப்பும் பட்டுப் பூட்டு இறுகிவிடும் என்று, சுட்டு முடித்த பிறகு. அதாவது ஞாயிற்றுக்கிழமை மட்டும்.

வாயால் சொன்னால் நம்புகிற ஆளா? அந்த ஞாயிற்றுக்கிழமை நானே கரி பிடிக்கச் சொன்னேன். "நாம ரெண்டு பேர் திங்கக் கூடாதா?" என்றேன். சந்தேகமாகப் பார்த்தார். ஆனாலும் மூட்டினார். சுட்டதில் பாதி தீய்ந்துபோயிருந்தது, பேசாமல் தின்றோம். வெளிச்சம் மங்குவதற்குள் எண்ணெய்ப் புட்டியோடு அடுப்பண்டை போனார். நானும் பின்னாலேயே போய், பக்கத்து வீட்டு மரத்தைப் பற்றி எதையோ கேட்டு வைத்தேன். அது போதும் அவருக்கு. பக்கத்து வீட்டுக்காரர் அந்தக் கிளையை வெட்டாததற்கு என்ன உள்நோக்கம் என்று ஆரம்பித்தார். எண்ணெய் விட்டார். பூட்டினார், திறந்தார். பூட்டினார், திறந்தார். சாவியை உருவினார். வாயைத் திறந்த பூட்டைக் கொண்டியில் மாட்டினார். ஓர் இழுப்பு இழுத்தார்.

"கையை எடுக்காதீங்க" என்றேன்.

"என்ன?"

"அப்படியே வெச்சிருங்க. பூட்டிட்டீங்களா?"

"பூட்டிட்டேனே."

"கையைப் பாருங்க."

பார்த்தார். பிறகு மெதுவாக என் பக்கம் திரும்பினார்.

"நீ எதாவது பண்ணினியா?" என்றார்.

எனக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. "உங்க கை உங்ககிட்டதான் இருக்கு. நான் எங்க இருக்கேன், பாருங்க" என்று இரண்டு கையையும் விரித்துக் காட்டினேன். மறுபடியும் பூட்டைப் பார்த்தார். சாவியைப் போட்டுத் திரும்ப ஒருமுறை அதே வேலையை வேண்டுமென்றே செய்து பார்த்தார். முடிவில் கை தன்பாட்டுக்குத் திறந்த பூட்டைத்தான் மாட்டியது. துவைக்கிற கல்லின் மேல் உட்கார்ந்துவிட்டார்.

"கடைக்கு வந்தப்பவே தெரியுமா உனக்கு?"

"தெரியும்."

"அப்பவே சொல்லியிருக்கலாமே."

"சொன்னா நம்பியிருப்பீங்களா?"

இல்லை என்று தலையை ஆட்டினார். அதில் பொய் சொல்லவில்லை. நான் கம்பித் தட்டைச் சூட்டோடு தேய்த்தேன். கொழுப்புக் கிண்ணத்தைச் சோப்புப் போட்டுக் கழுவிக் கவிழ்த்தேன். தரையில் ஒரு வாளி தண்ணீரை ஊற்றிவிட்டேன். பூட்டைக் கழற்றி அவர் பக்கத்தில் வைத்தேன். மறுநாள் காலையில் கொல்லை சுத்தமாக இருந்தது. பூட்டே இல்லாத அடுப்பை ஒரு பூனைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை.

பெண்ணுக்குப் போன் செய்து நடந்ததைச் சொன்னேன். "அவர்கிட்ட சொல்றேன்மா. ஆனா அவர் வரமாட்டாரு" என்றாள்.

"கோபம் இருக்கத்தான் செய்யும்."

"கோபம் இல்லம்மா. பயம். அங்க வந்தா எதைத் தொடலாம், எதைத் தொடக்கூடாதுன்னு யோசிச்சுக்கிட்டே இருக்கணும்ங்கிறாரு. இப்ப அப்பாவுக்கு நிஜம் தெரிஞ்சுபோச்சு, சரி. நாளைக்கு வேற ஒண்ணு காணாமப் போகாதா?"

இதை அப்படியே இவரிடம் சொன்னேன். கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. அந்த வார ஞாயிற்றுக்கிழமை சலவைச் சட்டையை எடுத்துப் போட்டுக்கொண்டு, "கிளம்பு, போயிட்டு வரலாம்" என்றார். கல்யாணமான நாளிலிருந்து அவர்கள் வீட்டுப் படியை இவர் மிதித்ததில்லை.

மாடியில் சின்ன வீடு. ஓர் அறை, ஒரு சமையலறை. சுவரோரம் ஏ.சி. சாமான்கள் பெட்டி பெட்டியாக அடுக்கியிருந்தன. மாப்பிள்ளை "வாங்க மாமா" என்று நாற்காலியை இழுத்துப் போட்டார். மரியாதைக்கு ஒரு குறையும் இல்லை, அதுதான் கஷ்டமாக இருந்தது. இவர் வாயைத் திறப்பார், இருமுவார், மூடிக்கொள்வார். அதற்குள் மாப்பிள்ளைக்குப் போன் வந்தது. எங்கேயோ அவசர வேலை, பக்கத்திலேயேதான், சீக்கிரம் வந்துவிடுகிறேன் என்று கிளம்பினார். சமைக்க ஒன்றும் இல்லை என்று பெண் என்னைக் கடைக்கு அழைத்தாள். மாடிப்படி ஏறி வந்ததிலேயே இவருக்கு மூட்டு வலி, மறுபடி இறங்கி ஏற முடியாது.

"நீங்க இருங்கப்பா. கதவு திறந்தே இருக்கட்டும்" என்று சொல்லிவிட்டு அவள் இறங்கினாள். பீரோவில் சாவி தொங்கிக்கொண்டிருந்தது. அவளுடைய கைப்பை கட்டிலின் மேல் கிடந்தது.

நாங்கள் காய்கறிப் பையோடு திரும்பி வந்தபோது இவர் அதே நாற்காலியில் அதே மாதிரி உட்கார்ந்திருந்தார். இரண்டு கையும் முழங்காலின் மேல். மின்விசிறி ஓடவில்லை. சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது.

"ஏங்க, ஃபேனைப் போட்டுக்க வேண்டியதுதானே?"

"பரவாயில்ல."

"தண்ணியாவது எடுத்துக் குடிச்சீங்களா?"

"சமையலறைக்குள்ள போகல" என்றார். பிறகு என்னை மட்டும் கிட்டே வரச் சொல்லிக் குரலைத் தாழ்த்தினார். "என்னை எதுக்குத் தனியா விட்டுட்டுப் போனீங்க? பீரோவில சாவி இருக்கு. பை திறந்து கிடக்கு. ஏதாவது ஒண்ணு இடம் மாறியிருந்தா என்னைத்தானே கேப்பாங்க?"

"யாருங்க கேப்பாங்க உங்களை?" என்றேன்.

பதில் சொல்ல வாயெடுத்தவர் பாதியில் நிறுத்திக்கொண்டார். கண் கலங்கிவிட்டது. இத்தனை வருஷத்தில் நான் பார்க்காத முகம். "நம்ம வீட்ல அந்தப் பிள்ளை இப்படித்தான் உக்காந்திருந்ததா?" என்றார். பெண் காய்கறியை அப்படியே கீழே போட்டுவிட்டுத் தண்ணீர் கொண்டுவரப் போனாள். அவர் மேல் இருந்த கோபமெல்லாம் எங்கே போனதென்று தெரியவில்லை.

மாப்பிள்ளை வந்ததும் செருப்பைக் கழற்றக்கூட விடவில்லை. எழுந்து நின்றுகொண்டார்.

"பூட்டைத் திறந்து விட்டது நான்தான் தம்பி. பழியை உங்க மேல போட்டேன். சோத்துல இருந்து எழுப்பி அனுப்பிட்டேன். என்னை மன்னிச்சிடுங்க."

"ஐயோ, பெரியவங்க நீங்க, எதுக்கு மாமா இதெல்லாம்" என்று மாப்பிள்ளை அவர் கையைப் பிடித்து உட்கார வைத்தார். பக்கத்தில் தானும் உட்கார்ந்தார். தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "ஞாயித்துக்கிழமை வர்றோம் மாமா. ஆனா நீங்களே சுடுங்க. அந்த அடுப்பை மட்டும் என்னைத் தொடச் சொல்லாதீங்க."

"சரி" என்றார் இவர். வேறு என்ன சொல்ல முடியும்?

வருகிறார்கள். சொன்ன சொல் தவறாமல் ஞாயிற்றுக்கிழமைதோறும் வருகிறார்கள். இவர் இப்போது ஓரளவு பதமாகவே சுடுகிறார், முடிந்ததும் கம்பியைத் தேய்க்கிறார், கிண்ணத்தைக் கழுவுகிறார். மாப்பிள்ளை நன்றாகப் பேசுகிறார், சிரிக்கிறார், இரண்டாவது தடவை கேட்டு வாங்கிச் சாப்பிடுகிறார். ஒரு நாள் கரி சரியாகப் பிடிக்காமல் புகை சூழ்ந்துகொண்டு இவர் இருமித் தடுமாறினார். "மாப்பிள்ளை, கொஞ்சம் வந்து பாருங்களேன்" என்று கூப்பிட்டார். மாப்பிள்ளை எழுந்தார். பாதி தூரம் வந்தார். அங்கேயே நின்று, "இடது பக்கம் கொஞ்சம் விசிறிப் பாருங்க மாமா, பிடிச்சுக்கும்" என்று சொல்லிவிட்டு, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார்.